ஆறு நாடுகளும் மூன்று புள்ளிகளும்

மாதத்தில் ஒரு செவ்வாய்க்கிழமை, மெல்பேர்ணின் டண்டினொங் நூலகத்துப் பின்னறையில் எங்கள் மூத்தோர் வட்டம் கூடும். முதலில் தேநீரும் தட்டைவடையும், பிறகு ஆளுக்காள் இரத்த அழுத்தம், கடைசியில் அரசியல். இந்த ஒழுங்கு மாறுவதில்லை. போன தடவை, வேலையிலிருந்து இளைப்பாறிய எஞ்சினியர் ஒருவர் கதிரையை முன்னுக்கு இழுத்துப் போட்டுக்கொண்டு சொன்னார்:

"உந்த அவுஸ்திரேலியாக்காரருக்குச் சமஷ்டி சும்மா கிடைச்சது. ஒரு துவக்குச் சத்தம் கேட்டதே? ஆறு நாட்டுக்காரர் மேசையைச் சுத்தி இருந்து கதைச்சாங்கள், கையெழுத்துப் போட்டாங்கள், முடிஞ்சுது."

"சும்மா கிடைக்கேல்லை" என்றேன்.

"உமக்கு எப்பிடித் தெரியும் நாதன்? நீர் அச்சுக்கூடத்தில பிழை திருத்தினனீர்தானே?"

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். எங்கள் வட்டத்தில் வைத்தியர்களும் கணக்காளர்களும் நிறையப் பேர். ஒப்புநோக்காளன் நான் ஒருவன்தான். ஒருவன் எழுதிய கையெழுத்துப் பிரதியையும் அச்சில் வந்த படியையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து, எழுத்துக்கு எழுத்து ஒப்பிட்டுப் பார்ப்பதுதான் என் தொழில். அதை ஒரு தொழிலாக அவர்களுக்கு விளங்கப்படுத்த இருபது வருடமாக முயன்று விட்டுவிட்டேன். ஆனால் அவுஸ்திரேலியச் சமஷ்டியின் கதையை நான் முதல் எழுத்திலிருந்து கடைசி முற்றுப்புள்ளி வரை ஐந்து தடவை பார்த்தவன். அதில் ஒரு பக்கத்துக்காக என் வேலையே ஆட்டம் கண்டது. அதை அவர்களுக்குச் சொல்ல அன்று நேரம் போதவில்லை. ஆகவே எழுதுகிறேன்.

கொழும்பில் ஒரு தனியார் அச்சகத்தில் எட்டு வருடம் இருந்தேன். தமிழும் ஆங்கிலமும் பார்ப்பேன். தொழிலைக் கற்றது அங்கேதான். எழுபத்துமூன்றின் முடிவில் மனைவி யோகத்துக்கு மெல்பேர்ணில் ஒரு பிரசவ விடுதியில் தாதி வேலை கிடைத்தது. அவளின் விசாவில் ஒட்டிக்கொண்டு நானும் வந்தேன். வந்த புதிதில் டண்டினொங்கில் ஒரு தொழிற்சாலையில் ஐந்து மாதம் பெட்டி அடுக்கினேன். ஒருநாள் பத்திரிகையில், ரிச்மண்டிலுள்ள ஒரு பாடநூல் அச்சகத்துக்கு ஒப்புநோக்காளர் தேவை என்று இரண்டு வரி விளம்பரம் வந்தது.

அச்சகத்தின் தலைமை ஒப்புநோக்காளர் மிஸ்டர் ஹட்டன் ஒரு தாளைத் தந்தார். "பாருங்கள்" என்றார். அவ்வளவுதான் பரீட்சை. அரை மணித்தியாலத்தில் முடித்துக் கொடுத்தேன். அவர் ஒவ்வொரு குறியாகப் பார்த்துக்கொண்டு வந்து ஓரிடத்தில் பென்சிலை நிறுத்தினார். தொழிற்கட்சியின் ஆங்கிலப் பெயரில் 'யு' எழுத்து இல்லை என்று நான் அதைச் சேர்த்திருந்தேன். உழைப்பைக் குறிக்கும் 'லேபர்' என்ற சொல்லை இந்த நாட்டில் 'யு' போட்டுத்தான் எழுதுகிறார்கள். ஆனால் கட்சியின் பெயரில் மட்டும் போடுவதில்லையாம்.

"ஏன் ஐயா?" என்று கேட்டேன்.

"பெயர் வைத்தவர்கள் அப்படி எழுதினார்கள். நமக்கு அதற்கு மேல் உரிமை இல்லை. ஆனால் ஏன் என்று கேட்டீர்கள். திங்கட்கிழமை வாருங்கள்" என்றார்.

ஒரு வருடத்துக்குத் தற்காலிகம். வருட முடிவில் ஹட்டன் சிபார்சு செய்தால் நிரந்தரம்.

ஹட்டனுக்கு அப்போது அறுபதை நெருங்கும் வயது. சாம்பல் நிறக் கம்பளிச் சட்டை. காலை ஒன்பது மணிக்கு மேசையில் ஒரு பழைய பத்திரிகைத் தாளை விரித்து, பேனாக்கத்தியால் நாலு பென்சில் சீவுவார். அந்த நேரம் யாரும் பேசக்கூடாது என்று சட்டம் இல்லை. ஆனால் யாரும் பேசுவதில்லை. அவர் ஒருபோதும் 'பிழை' என்று சொல்லி நான் கேட்டதில்லை. "இதைக் கேட்கலாமா?" என்பார். முதல்நாள் எனக்குச் சொன்னது இது: "அச்சுக்கோப்பாளர் விட்டதைத் திருத்துங்கள், அது உங்கள் கடமை. எழுத்தாளர் விட்டதைத் திருத்தாதீர்கள், கேளுங்கள். ஓரத்தில் பென்சிலால் எழுதி, வட்டம் போட்டு, கேள்விக்குறி வையுங்கள். பதில் சொல்வது அவருடைய வேலை. இன்னொன்று, மேற்கோள் எதையும் நம்பாதீர்கள். மூலத்தைப் போய்ப் பாருங்கள்."

எனக்குத் துணையாகப் பிரதி வாசித்தவர் டொரீன் என்ற அம்மையார். ஐம்பத்தெட்டு வயது, ஆற்றங்கரை ஊரான எச்சூகாவில் பிறந்தவர். எழுத்தாளரின் பிரதியை அவர் உரக்க வாசிப்பார். அச்சுப்படியை நான் விரலால் தொட்டுக்கொண்டே போவேன். சொற்களை மட்டும் வாசித்தால் போதாது, குறிகளையும் வாசிக்க வேண்டும். "பெரிய எழுத்து ஆறு குடியேற்ற நாடுகளும் கமா தத்தம் எல்லையில் கமா சுங்கச் சாவடி வைத்திருந்தன முற்று" என்று ஒரே தொனியில் போகும். ஏறி இறங்காது. செபப்புத்தகமும் சாக்கடைக் குழாய் ஒப்பந்தக் கேள்விப்பத்திரமும் டொரீனின் வாயில் ஒன்றுதான். அப்படித்தான் வாசிக்கவும் வேண்டும். வாசிப்பவர் உணர்ச்சிப்பட்டால் கேட்பவன் எழுத்தைப் பார்க்காமல் கதையைக் கேட்கத் தொடங்கிவிடுவான்.

எழுபத்தைந்தின் தொடக்கத்தில் அந்தப் புத்தகம் வந்தது. மேல்வகுப்புப் பிள்ளைகளுக்கு, ஆறு குடியேற்ற நாடுகள் எப்படி ஒரு சமஷ்டி ஆயின என்று சொல்லும் பாடநூல். எழுதியவர் சிட்னியில் இளைப்பாறியிருந்த பேராசிரியர் ஆல்டர்ட்டன். எங்கள் அச்சகத்தின் பெரிய எழுத்தாளர் அவர். அவருடைய முந்திய புத்தகங்கள் ஓடாத பள்ளிக்கூடம் இல்லை.

நல்ல எழுத்து. எனக்கு அந்த விஷயமே புதிது. ஒரே இராணியின் கீழ் இருந்த ஆறு நாடுகளும் ஒன்றிடம் மற்றது சுங்கத் தீர்வை வாங்கியிருக்கின்றன. விக்ரோரியாக்காரர் தங்கள் தொழிற்சாலைகளைக் காப்பாற்றத் தீர்வைச் சுவர் எழுப்பினார்கள். சிட்னிக்காரர் கதவைத் திறந்து வைத்து வியாபாரம் செய்தார்கள். இரண்டுக்கும் நடுவில் மரே ஆறு. ஆற்றின் இரு கரையிலும் சுங்க உத்தியோகத்தர். ரெயில் பாதையின் அகலம்கூட நாட்டுக்கு நாடு வேறு. ஆகவே எல்லையில் எல்லோரும் பெட்டி படுக்கையோடு இறங்கி, அடுத்த ரெயிலில் ஏற வேண்டும். பிறகு மெல்பேர்ணில் வங்கிகள் ஒன்றன்பின் ஒன்றாகக் கதவடைத்தன, மழையும் பொய்த்தது. தனித்தனியே நின்றால் கரைசேர முடியாது என்று அப்போதுதான் உறைத்தது. சின்ன நாடுகளுக்குப் பெரிய நாடுகள் விழுங்கிவிடும் என்ற பயம். அதற்காக மேற்சபையில் எல்லோருக்கும் சமமான இடம். தலைநகர் சிட்னியும் இல்லை, மெல்பேர்ணும் இல்லை. இப்படி ஒவ்வொன்றையும் பேரம் பேசிப் பேசி வருடக்கணக்காய் இழுத்திருக்கிறார்கள்.

ஆற்றுச் சுங்கத்தைப் பற்றிய பக்கத்தில் டொரீன் வாசிப்பை நிறுத்திச் சிரித்தார்.

"எங்கள் அப்பா இதைச் செய்திருக்கிறார். சப்பாத்து அக்கரையில் மலிவு. வாங்கி, காலில் போட்டு, பாலத்துக்கு வருமுன் ஆற்றுச் சேற்றில் நன்றாக மிதித்துக்கொண்டு வருவாராம். புதுச் சப்பாத்துக்குத்தானே தீர்வை. ஒருமுறை சுங்க உத்தியோகத்தர் ஒரு வாளித் தண்ணீரைக் கொண்டுவந்து, 'காலைக் கழுவு தம்பி' என்றாராம்."

"பிறகு?"

"வீட்டிலே உதை. இனி வாசிப்போம். கமா."

அடுத்த வாரம் ஐந்தாம் அத்தியாயம். சமஷ்டி அமைப்பதற்காகக் கூடிய மாநாட்டில் பேசிய ஒரு பிரதிநிதியின் உரையிலிருந்து ஐந்து வரி மேற்கோள். புதிய மத்திய அரசுக்கு என்னென்ன அதிகாரங்கள் தேவை என்று அவர் அடுக்குகிறார். தீர்வைகளை ஒன்றாக்குவதைப் பற்றிச் சொல்கிறார். பிறகு மூன்று புள்ளிகள். புள்ளிகளுக்குப் பின், முக்கியமாக இதற்காகவே நாம் ஒன்றுசேர வேண்டும் என்ற கருத்தில் வசனம் முடிகிறது.

மேற்கோளை நம்பாதே என்பது ஹட்டனின் விதி. மத்தியானம் ட்ராமில் நகரத்துக்குப் போனேன். பெரிய நூலகத்தில், குவிமாடத்தின் கீழுள்ள வாசகசாலையில் ஒரு சீட்டை எழுதிக் கொடுத்துவிட்டு அரை மணித்தியாலம் காத்திருந்தேன். மாநாட்டு உரைகளின் தொகுதியைக் கொண்டுவந்து வைத்தார்கள். பக்கத்தைக் கண்டுபிடித்தேன். புள்ளிகள் இருந்த இடத்தில் நாற்பத்தொரு சொற்கள் இருந்தன.

நிறத்தால் வேறுபட்ட மக்களைப் பற்றியவை அந்தச் சொற்கள். ஏற்கனவே உள்ளே இருப்பவர்களைக் கட்டுப்படுத்தவும், இனி வரப் பார்ப்பவர்களைத் தடுக்கவும் மத்திய அரசுக்கு அதிகாரம் வேண்டும் என்கிறார் அந்த மனிதர். அதற்குப் பிறகுதான் 'முக்கியமாக இதற்காகவே' வருகிறது. அவருடைய வாயில் 'இது' என்பது நாங்கள். பேராசிரியரின் பக்கத்தில் 'இது' சுங்கத் தீர்வையாகியிருந்தது.

நான் கோபப்பட்டேன் என்று எழுதினால் அது பொய். பக்கத்து மேசைக்காரர் ஒருவர் தும்மியபோது, நான் பார்க்கக்கூடாத ஒன்றைப் பார்த்துக்கொண்டு இருக்கும்போது பிடிபட்டவன்போல் திடுக்கிட்டேன். பிறகு நாற்பத்தொரு சொற்களையும் ஒரு தாளில் எழுதிக்கொண்டு, இரண்டு தடவை ஒப்புநோக்கி, திரும்பி வந்தேன்.

அச்சுப்படியின் ஓரத்தில் பென்சிலால் எழுதினேன்: 'இங்கு நாற்பத்தொரு சொற்கள் விடப்பட்டதால் "இதற்காகவே" என்பதன் பொருள் மாறுகிறது. எழுத்தாளர் விரும்பியதா?' வட்டம் போட்டு, கேள்விக்குறி வைத்து, ஹட்டனிடம் கொடுத்தேன்.

அவர் நான் எழுதியதையும் நூலகத்தில் எடுத்த பிரதியையும் நெடுநேரம் பார்த்தார்.

"இது அச்சைப் பற்றிய கேள்வியா, நாட்டைப் பற்றிய கேள்வியா, மிஸ்டர் நாதன்?"

"வசனத்தைப் பற்றிய கேள்வி ஐயா."

"அப்படியானால் போகட்டும்" என்று உறைக்குள் வைத்தார்.

ஒன்பது நாளில் பேராசிரியரிடமிருந்து பதில் வந்தது. வட்டத்தின் மேல் நீல மையில் ஒரு கோடு. 'இருந்தபடி இருக்கட்டும். வாசிப்பு மேசை கமாவைப் பார்த்துக்கொண்டால் நல்லது.' வாசிப்பு மேசை என்றால் ஹட்டனும் டொரீனும் நானும்.

அன்றைக்கே பதிப்பு முகாமையாளர் கீழே இறங்கி வந்தார். ஹட்டனின் அறைக் கதவு சாத்தியிருந்தது. ஆனால் மேற்பாதி கண்ணாடிக்கு மேலே இடைவெளி. "அவர் கோபித்துக்கொண்டு வேறு அச்சகத்துக்குப் போனால் யார் பொறுப்பு? உமது ஆள் இன்னும் தற்காலிகம்தானே?" என்பது கேட்டது. ஹட்டன் சொன்ன பதில் கேட்கவில்லை. அவர் குரல் எப்போதும் அவ்வளவுதான்.

மத்தியானச் சாப்பாட்டின்போது டொரீன் என்னைப் பார்த்துக்கொண்டே இருந்தார். "விட்டுவிடுங்கள், கேட்டாயிற்றுத்தானே?" என்றார். அப்போதுதான் அவரிடம் கொழும்புக் கதையைச் சொன்னேன். அதுவரை நான் ஒருவருக்கும் சொல்லாதது.

எழுபத்திரண்டில், கொழும்பில் என் மேசைக்கு ஒரு தமிழ்க் குடியியல் பாடநூல் வந்தது. 'ஆட்சி முறைகள் இரு வகைப்படும்' என்று ஓர் அத்தியாயம் தொடங்கும். ஒற்றையாட்சி, சமஷ்டி. இரண்டாம் படி வந்தபோது சமஷ்டியைப் பற்றிய இரண்டு பக்கமும் காணாமல் போயிருந்தன. தமிழர் கேட்டது சமஷ்டியைத்தான்; அந்த நாட்களில் அந்தச் சொல்லை அச்சில் பார்க்கவே பலருக்குப் பயம். நான் முதலாளியிடம் போய், "ஐயா, இரு வகை எண்டு கிடக்கு, ஒரு வகைதான் இருக்கு" என்றேன். அவர் தலையைக் கூடத் தூக்கவில்லை. "அப்ப 'ஒரு வகைப்படும்' எண்டு மாத்திவிடும்" என்றார்.

மாற்றினேன். 'ஆட்சி முறைகள் ஒரு வகைப்படும்.' அப்படியே அச்சாகி, பிள்ளைகள் அதைப் பாடமாக்கிச் சோதனையும் எழுதினார்கள்.

டொரீன் வாய்விட்டுச் சிரித்தார். பிறகு சிரிப்பு நின்றுவிட்டது. சான்ட்விச்சைத் தாளில் மடித்து வைத்தார்.

அன்று பின்னேரம் யோகத்திடமும் விஷயத்தைச் சொன்னேன். வேலையை இழந்தால் மறுபடி பெட்டி அடுக்க வேண்டும். அதையும் சொன்னேன்.

அவள் ஸ்திரிக்கைப்பெட்டியால் சீருடையை மினுக்கிக்கொண்டு இருந்தாள். "இஞ்சாருங்கோ, நான் ஒரு தாயின்ர பதிவில ஒரு வரி எழுதாமல் விட்டால், அடுத்து வாறவள் என்ன செய்வாள்? வாசிச்சுப்போட்டு எல்லாம் சரியெண்டு நினைப்பாள். பிழையா எழுதினதைக் கண்டுபிடிக்கலாம். விட்டதை ஆரும் கண்டுபிடிக்கேலாது."

"அப்ப திரும்பக் கேக்கட்டோ?"

"அது உங்கட வேலையெல்லோ? என்னட்டைக் கேக்கிறியள்!"

பக்கப்படி, அதாவது பக்கம் பக்கமாகக் கட்டிய அடுத்த படி, வந்தபோது அதே கேள்வியை, அதே சொற்களில், அதே இடத்தில் மறுபடி எழுதினேன். ஹட்டன் அதைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். "இரண்டாம் தடவை கேட்டால் தபாலில் பதில் வராது. ஆளே வருவார்" என்றார். ஆனாலும் அதை அழிக்கவில்லை.

ஆளே வந்தார். பேராசிரியர் ஆல்டர்ட்டன் உயரமானவர், கையில் ஊன்றுகோல். நோகும் முழங்காலோடு, சிட்னியிலிருந்து இரவு முழுவதும் ரெயிலில் வந்திருந்தார். நான் ஒரு முரட்டு மனிதரை எதிர்பார்த்திருந்தேன். வந்தவர் டொரீனுக்காகக் கதவைத் திறந்து பிடித்தார்.

"மிஸ்டர் நாதன், நான் எதையும் மறைக்க நினைக்கவில்லை" என்று தொடங்கினார். "இந்த அத்தியாயம் பொருளாதாரக் காரணங்களைச் சொல்வது. சுங்கம், வங்கி, ரெயில் பாதை. பதினாறு வயதுப் பிள்ளைகள் படிப்பது. அந்த ஒரு வரியைப் போட்டால், அவர்களுக்கு வேறொன்றும் கண்ணில் படாது. முழு அத்தியாயத்தையும் அது தின்றுவிடும்."

ஹட்டன் என் பக்கம் தலையை அசைத்தார். கேள்வி என்னுடையது, நான்தான் கேட்க வேண்டும்.

"எதை விடுவது என்பது உங்கள் உரிமை, ஐயா. நான் கேட்பது 'இதற்காகவே' என்ற சொல்லை. எதற்காக என்று ஒரு பிள்ளை கேட்டால், இந்தப் பக்கம் சுங்கத்துக்காக என்று சொல்கிறது. பேசியவர் அதைச் சொல்லவில்லை."

பிறகு ஹட்டன், "டொரீன், அந்தப் பந்தியை மூலத்திலிருந்து வாசிக்கிறீர்களா? நாங்கள் வழமையாக வாசிக்கிறபடி" என்றார்.

டொரீன் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வாசித்தார். பெரிய எழுத்து, கமா, அரைப்புள்ளி. நாற்பத்தொரு சொற்களும் வந்தன. சாக்கடைக் குழாயை வாசிக்கும் அதே தொனி. கோபமும் இல்லை, வெட்கமும் இல்லை. ஒவ்வொரு சொல்லாக எடுத்து மேசையில் வைத்தார். அப்படி வாசிக்கும்போது அந்தச் சொற்களுக்கு ஒளிய இடமில்லாமல் போயிற்று.

"முற்று" என்று முடித்தார்.

பேராசிரியர் என்னிடம் கேட்டார். "நீங்கள் இந்த நாட்டுக்கு எப்போது வந்தீர்கள்?"

"எழுபத்துமூன்றில், இலங்கையிலிருந்து."

"பத்து வருடத்துக்கு முன்னர் என்றால்?"

"விண்ணப்பமே போட்டிருக்கமாட்டேன், ஐயா. எங்கள் நிறத்துக்கு அப்போது கதவு சாத்தியிருந்தது."

அவர் யன்னலைப் பார்த்தார். வெளியே கடதாசி ரீல்களை இறக்கிக்கொண்டிருந்தார்கள். பிறகு பேனாவை எடுத்து, மேற்கோள் முழுவதையும் ஒரே கோட்டால் வெட்டினார். ஐந்து வரியும் போயிற்று.

"மேற்கோள் இல்லை. புள்ளிகளும் இல்லை. இனி உங்களுக்குக் கேள்வி இருக்கிறதா?"

தொழில்முறைப்படி என்னிடம் கேள்வி இல்லை. "இல்லை, ஐயா" என்றேன். அவர் எல்லோருக்கும் கைகொடுத்துவிட்டுப் போனார்.

அன்று பின்னேரம் டண்டினொங் ரெயிலில் நின்றுகொண்டே வந்தேன். இடம் இருந்தும் இருக்கவில்லை. கொழும்பில் 'இரு' என்பதை 'ஒரு' ஆக்கினேன். இங்கே கேள்வி கேட்டு, கேட்ட காரணத்தாலேயே இருந்த மிச்சத்தையும் அழிக்க வைத்தேன். இப்படித்தான் அன்று நினைத்தேன்.

மறுநாள் காலை, பென்சில் சீவும் நேரத்தில், அச்சுக்கோப்பாளர் ஏப்ரனோடு வந்து நின்றார்.

"யார் ஐந்து வரியை வெட்டியது? பக்கங்கள் எல்லாம் கட்டி முடித்தாயிற்று. இந்த இடத்தில் ஓட்டை. மேலே இழுத்தால் அத்தியாயத்தின் மிச்சப் பக்கங்கள் எல்லாம் நகரும். பின்னாலுள்ள பெயர் அட்டவணையும் பிசகும். ஐந்து வரி தாருங்கள். என்ன வரி என்றாலும் எனக்குச் சரி."

அந்தக் காலத்தில் எல்லாம் ஈய எழுத்து. பக்கம் என்பது கையால் தூக்கக்கூடிய ஒரு பாரம். ஐந்து வரி போனால் அந்த இடத்துக்கு ஐந்து வரி வரத்தான் வேண்டும்.

முகாமையாளர், "நீங்களே எதையாவது எழுதிவிடுங்கள்" என்று மேலேயிருந்து சொல்லி அனுப்பினார். ஹட்டன் மறுத்துவிட்டார். "வாசிப்பு மேசை எழுதாது" என்றார். பிறகு என் பக்கம் திரும்பி, குரலை மாற்றாமல், "ஆனால் கேட்கலாம்" என்றார்.

ஒரு தாளை எடுத்தேன். எழுதி, வெட்டி, மறுபடி எழுதினேன். கடைசியில் நின்றது இதுதான்: 'மேற்கோளை நீக்கியதால் இங்கு ஐந்து வரி இடம் இருக்கிறது. சுங்கச் சாவடிகளை அகற்றிய அதே மனிதர்கள், புதிய பாராளுமன்றத்தில், வெளியிலிருந்து வருபவர்களைப் பற்றி முதலில் என்ன சட்டம் செய்தார்கள் என்பதை எழுத்தாளர் தம் சொந்தச் சொற்களில் இங்கு சொல்ல விரும்புவாரா?' வட்டம் போட்டேன். கேள்விக்குறி வைத்தேன்.

ஹட்டன் ஒரு சொல்லையும் மாற்றவில்லை. அதை உறையிலிட்டு ஒட்டிய பிறகு, மேசை லாச்சியிலிருந்து இன்னொரு தாளை எடுத்துக் கையெழுத்துப் போட்டார். என்னை நிரந்தரமாக்கும் சிபார்சு அது. என் தற்காலிக வருடம் முடிய இன்னும் ஏழு வாரம் இருந்தது.

"பதில் எப்படி வந்தாலும் இந்தச் சிபார்சு அதோடு சம்பந்தப்படக்கூடாது. அதனால் இன்றைக்கே போட்டுவிட்டேன்" என்றார்.

ஆறாம் நாள் சிட்னியிலிருந்து ஒரு மெல்லிய கடிதம். உள்ளே ஒரே தாள், தட்டச்சில் ஐந்து வரி. நாடுகளுக்கு நடுவே இருந்த சுவர்களை இடித்தவர்கள், சமஷ்டி ஆன அதே வருடத்தில் நாட்டைச் சுற்றி இன்னொரு சுவரைக் கட்டினார்கள் என்று தொடங்கியது. ஐரோப்பியர் அல்லாதோர் உள்ளே வருவதைத் தடுக்கும் சட்டமும், குவீன்ஸ்லாந்தின் கரும்புத் தோட்டங்களுக்குக் கொண்டுவரப்பட்ட பசிபிக் தீவு மக்களைத் திருப்பி அனுப்பும் சட்டமும் புதிய பாராளுமன்றத்தின் முதல் வேலைகளில் அடங்கின. இது ஒன்றியத்தின் ஓரத்தில் தற்செயலாக ஒட்டிக்கொண்டதல்ல, ஒன்றுசேர்ந்ததற்கான காரணங்களில் ஒன்று என்று முடிந்தது.

நான் எழுதியிருந்தால் அப்படி வந்திராது. பெயரடை ஒன்றுகூட இல்லை. கீழே கையால், 'ஐந்து வரி. எழுத்தெண்ணிப் பார்த்தேன்' என்று எழுதியிருந்தார். வேறு ஒரு சொல்லும் இல்லை.

டொரீன் அதை வாசித்தார். நான் விரலால் தொட்டுக்கொண்டு போனேன். கரும்புத் தோட்டம் வந்த இடத்தில் அவர் குரல் ஒரு கணம் இறங்கியது. அதை அவரே கவனித்து, "மன்னியுங்கள்" என்று சொல்லி, மறுபடி முதலிலிருந்து வாசித்தார். ஹட்டன் தன் பங்குக்குப் பார்த்தார். கடைசிப் படியையும் பார்த்து, மூவரும் சரி என்றோம். புத்தகம் இயந்திரத்துக்குப் போனது.

மூன்று மாதம் கழித்து முதற்பிரதிகள் வந்தன. ஹட்டனிடம் ஒரு வழக்கம் இருந்தது. புதுப் புத்தகத்தைக் கண்டபடி ஓரிடத்தில் திறப்பார். திறந்த பக்கத்தில் ஒரு பிழை நிச்சயம் நின்று கண்சிமிட்டும் என்பார். அன்று அவர் கண்டபடி திறக்கவில்லை. நேரே ஐந்தாம் அத்தியாயத்துக்குப் போனார். டொரீனும் நானும் அவர் தோளுக்குப் பின்னால் நின்றோம்.

அவர் பென்சில் அந்த ஐந்து வரியில் நாலாவதில் நின்றது. தீவு மக்களைக் குறிக்கும் ஆங்கிலச் சொல்லின் நடுவே 'எஸ்' எழுத்து விடுபட்டுப் போயிருந்தது. எந்தப் பள்ளிக்கூடப் பிள்ளையும் கண்டுபிடிக்கக்கூடிய பிழை.

"எத்தனை தடவை பார்த்தோம்?" என்றேன்.

"நீங்கள் இரண்டு பேரும் நாலு தடவை. நான் மூன்று."

"பிறகு எப்படி?"

ஹட்டன் பென்சிலை அந்த வரியிலிருந்து எடுத்தார். "நாம் மூவரும் அதை வாசித்துவிட்டோம், நாதன்" என்றார். "பார்க்கவில்லை."

அடுத்த பதிப்பில் திருத்த வேண்டியவற்றுக்கு எங்களிடம் ஓர் அட்டை உண்டு. பக்கம், வரி, திருத்தம், தவறவிட்டவர் என்று நாலு கட்டங்கள். முதல் மூன்றையும் நிரப்பிவிட்டு, நாலாவதில் தன் பெயரின் முதலெழுத்தை இட்டார். நான் பென்சிலை வாங்கி, அதற்குப் பக்கத்தில் என்னுடையதைப் போட்டேன்.

"எனக்கும் கொஞ்சம் இடம் விடுங்கள்" என்றார் டொரீன்.